அழுகாமல் போன காடு

"காடுகள் நிலநடுக்கத்தில் புதைந்து நிலக்கரி ஆயின." பள்ளியில் மனப்பாடம் செய்த இந்த ஒற்றை வரியைப் பலர் இன்றைக்கும் அப்படியே ஒப்பிக்கிறார்கள். போன வாரம்கூட ஒரு வாட்ஸ்அப் வீடியோவில் பார்த்தேன். பூமி பிளக்கிறது, மரங்கள் உள்ளே விழுகின்றன, மண் மூடுகிறது, கரி ரெடி. பார்க்க ஜோராக இருக்கிறது. நடந்தது அதுவல்ல.

காட்டில் மரம் விழுவது தினசரி சங்கதி. விழுந்ததைப் பூஞ்சையும் பூச்சியும் தின்று தீர்த்துவிடும். நிலக்கரி கிடைக்க வேண்டுமானால் அந்த அழுகல் பாதியில் நிற்க வேண்டும். நிறுத்தியது தேங்கிய தண்ணீர். சதுப்புக்குள் ஆக்சிஜன் இறங்காது, மட்க வைக்கும் உயிர்களுக்கு மூச்சு முட்டும். இலையும் பட்டையும் வேரும் அரைகுறையாக மட்கிப் பழுப்பு நிறத்தில் சேரும். அதுதான் பீட். வருஷத்துக்கு ஒரு மில்லிமீட்டர் சேர்ந்தாலே நல்ல வேகம்.

கூடவே நிலமும் நிதானமாகத் தாழ வேண்டும். வேகமாகத் தாழ்ந்தால் சதுப்பு ஏரியாகிவிடும், தாழாமலே இருந்தால் பீட் காய்ந்து மட்கிவிடும். இந்த நிதானம் ஆயிரக்கணக்கான வருஷம் கெடாத இடங்களில்தான் கனமான கரிப்படுகைகள் இருக்கின்றன. மேலே ஏறிய மணலும் சேறும் அழுத்த, ஆழத்தின் சூடு சேர, ஈரம் வெளியேறிக் கார்பன் கூடும். முதலில் பழுப்பு நிலக்கரி, பிறகு பிட்டுமினஸ், கடைசியில் ஆந்த்ரசைட். ஒரு மீட்டர் கரிக்குத் தோராயமாகப் பத்து மீட்டர் பீட் என்பார்கள்.

இத்தனைக்கும் ஆதாரம் கரியின் காலடியிலேயே கிடக்கிறது. சுமார் 30 கோடி வருஷத்துக்கு முந்தைய கார்பனிஃபெரஸ் காலத்துப் படுகைகள் பலவற்றின் அடியில் களிமண் அடுக்கு இருக்கும். அதில் லெபிடோடெண்ட்ரான் போன்ற மரங்களின் வேர்கள் ஓடின வாக்கிலேயே பதிந்திருக்கும். மரங்கள் எங்கிருந்தோ வந்து விழவில்லை, நின்ற இடத்திலேயே கரியாயின.

பிட்டுமினஸ் துண்டு ஒன்று கிடைத்தால் வெளிச்சத்தில் திருப்பிப் பாருங்கள். கண்ணாடி போல மின்னும் கோடுகள், மங்கலான கோடுகள், நடுவே பட்டுப்போல் பளபளத்துத் தொட்டால் உதிரும் மெல்லிய அடுக்கு. மின்னும் பகுதியைத் தடவினால் விரல் அவ்வளவாகக் கறுக்காது. கையைக் கறையாக்குவது பெரும்பாலும் அந்த உதிரும் அடுக்குதான். அது பழங்காலக் காட்டுத்தீயில் வெந்த மரக்கரி. டைனோசர்களே பிறக்காத காலத்தில் எரிந்த ஒரு தீயின் கரி நம் விரலில் ஒட்டுகிறது. எனக்கு இது இன்னும் பழகவில்லை.

சரி, சுரங்கத்துக்கு வருவோம். படுகை மேலாக இருந்தால் மேல்மண்ணை அகற்றித் திறந்தவெளியில் வெட்டுவார்கள். ஆழத்தில் இருந்தால் கரியையே தூண்களாக விட்டு நடுவில் குடைவார்கள். இல்லையென்றால் நீண்ட சுவராக நிற்கும் கரியை இயந்திரம் சீவிக்கொண்டே போகும், கூரையைத் தாங்கும் இரும்புத் தாங்கிகளும் கூடவே நகரும், பின்னால் கூரை தானாக இடிந்து விழ விட்டுவிடுவார்கள். இதையெல்லாம் பொறியியல் சாதனையாகத்தான் சொல்கிறோம், சாதனைதான். ஆனால் உள்ளே இறங்குபவரை மிரட்டுவதில் பெரும்பங்கு அந்தப் பழைய சதுப்பு விட்டுப் போனதுதான் என்பது என் எண்ணம்.

மீத்தேனை எடுத்துக்கொள்ளுங்கள். செடிகொடி கரியாக மாறும்போதே பிறந்து கரிக்குள் அடைந்து கிடக்கும் வாயு அது. காற்றில் 5 முதல் 15 சதவீதம் கலந்திருக்கும்போது ஒரு பொறி போதும். 1815-ல் ஹம்ப்ரி டேவி சுடரைச் சுற்றிக் கம்பி வலை வைத்த விளக்கைச் செய்தது இதற்காகத்தான். கரித்தூசும் வெடிக்கும். 1906-ல் பிரான்சின் கூரியேர் சுரங்கத்தில் தூசு வெடித்து 1,099 பேர் இறந்தார்கள். இன்று சுண்ணாம்புக்கல் பொடியைச் சுவரெங்கும் தூவி அந்தத் தூசை அடக்குகிறார்கள்.

இன்னொன்று, என்னை அதிகம் உலுக்கியது. சில சுரங்கங்களில் கரிக்கு மேலே உள்ள பாறையில் பழைய மரங்களின் அடிப்பகுதி நின்ற நிலையிலேயே கல்லாகியிருக்கும். சுற்றிலும் இருந்த பட்டை வழவழப்பான மெல்லிய கரியாகிவிட்டதால் பிடிமானம் கிடையாது. கீழே இருந்த கரியை எடுத்ததும், ஒரு சத்தமும் இல்லாமல் மொத்தமாக நழுவித் தலையில் விழும். அமெரிக்கச் சுரங்கத் தொழிலாளர்கள் இதற்குக் 'கெட்டில் பாட்டம்' என்று பெயர் வைத்தார்கள், கெண்டியின் அடிப்பாகம் போலத் தெரிவதால். 30 கோடி வருஷத்துக்கு முந்தைய மரம் விழுந்து மனிதர் இறந்திருக்கிறார்.

அப்புறம் தண்ணீர். 1712-ல் தாமஸ் நியூகோமனின் நீராவி எஞ்சின் இங்கிலாந்தில் டட்லிக்கு அருகே ஒரு நிலக்கரிச் சுரங்கத்தில் ஓட ஆரம்பித்தது. அதற்கு இருந்த ஒரே வேலை தண்ணீர் இறைப்பது. கரியை எரித்துக் கரிச்சுரங்கத்து நீரை வெளியேற்றினார்கள்! இன்றும் சுரங்கம் ஓடுகிற வரை பம்பும் ஓடுகிறது. மூடிய பிறகு பம்பை நிறுத்தினால் நீர் மெல்ல ஏறி, வெட்டிய வழிகளை நிரப்பும். சதுப்பில் பாக்டீரியாக்களின் தயவால் உருவான பைரைட் என்ற இரும்பு-கந்தகக் கனிமம், வெட்டும்போது காற்றுப் பட்டதால், அந்த நீரில் அமிலத்தையும் இரும்பையும் கலக்கும். பக்கத்து ஓடையில் அது கசிந்து வெளிவரும்போது கற்களெல்லாம் ஆரஞ்சு நிறத்தில் இருக்கும்.