அந்த மஞ்சள் கேன் போட்டோ நான் எடுத்தது

நேத்து சாயங்காலத்துல இருந்து ஏழெட்டு பேர் இன்பாக்ஸ்ல வந்து "இது உங்க போட்டோ தானே"ன்னு கேட்டுட்டாங்க. ஆமா, என்னோடதுதான். 2022-ல ஆப்பிரிக்காவுல மலாவி நாட்டுத் தலைநகர் லிலோங்வேயில ஒரு பெட்ரோல் பங்க் வாசல்ல எடுத்தது. தரையில வரிசையா மஞ்சள் கேன், முன்னாடி நீலத் தொப்பி போட்டு ஒருத்தர் குத்தவெச்சு உக்காந்திருப்பார். அதை எங்கிட்ட ஒரு வார்த்தை கேக்காம எடுத்து, "ஏழை நாட்டுக்கு ஓட்டு குடுத்தா இதான் கதி"ன்னு மேல எழுதி சுத்த விட்டிருக்காங்க. யாருன்னு உங்களுக்கே தெரியும், நான் பேர் சொல்லல. கீழ கமென்ட்ல அத்தனை பேரும் "மலாவிக்கு ஒரு சர்வாதிகாரி வந்தாத்தான் உருப்படும்"னு எழுதி ஹார்ட் விட்டுட்டு இருக்காங்க.

எனக்கு ராத்திரி முழுக்க தூக்கம் வரல. அதனாலதான் எழுதறேன்.

முதல்ல ஒண்ணு. மலாவிக்கு சர்வாதிகாரி புதுசு கிடையாது. 1964-ல சுதந்திரம் வாங்குனதுல இருந்து 1994 வரைக்கும் ஹேஸ்டிங்ஸ் கமுசு பாண்டாதான். 1971-ல ஆயுள்கால ஜனாதிபதின்னு ஆக்கிக்கிட்டார். ஒரே கட்சி. முப்பது வருசம். நீங்க கேக்கற மருந்தை அந்த நாடு முப்பது வருசம் குடிச்சுட்டுத்தான் வந்திருக்கு, அதுக்கப்புறமும் உலகத்துலயே பரம ஏழை நாடுகள் வரிசையிலதான் இருந்துச்சு. இதைத் தெரிஞ்சுக்காமயே எப்படிங்க தீர்ப்பு எழுதறீங்க?

நான் அங்க அஞ்சரை வருசம் கணக்கு டீச்சரா இருந்தேன். ஸ்கூலுக்கு சுடிதார்லதான் போவேன். ஸ்டாஃப் ரூம்ல எனக்கு ரெண்டு சேர் தள்ளி உக்கார்ற ஒரு வயசான டீச்சர் ஒருநாள் என் பேன்ட்டைக் காட்டி, "அந்தக் காலத்துல இதைப் போட்டுட்டு நீ ரோட்ல நடந்திருக்க முடியாது"ன்னாங்க. பொம்பளைங்க பேன்ட் போடக் கூடாது, முட்டிக்கு மேல ஸ்கர்ட் கூடாது, சட்டமே இருந்துச்சு. அவங்க வீட்டுக்கு ஒருதடவை சாப்பிடப் போனேன், நிசிமாங்கற மக்காச்சோள மாவுக் களியும் சின்ன மீன் வறுவலும். அவங்க அம்மாவுக்கு எண்பது வயசுக்கு மேல. பிஸ்கட் டப்பா ஒண்ணைத் திறந்து காட்டுனாங்க. உள்ள பாண்டாவோட அந்தப் பழைய கட்சி மெம்பர் கார்டுங்க, ரப்பர் பேண்ட் போட்டு அடுக்கி வெச்சிருந்தாங்க. அந்தக் கார்டு இல்லாம சந்தைக்குள்ள விட மாட்டாங்க, பஸ்ல ஏத்த மாட்டாங்க. "இன்னும் எதுக்கும்மா வெச்சிருக்கீங்க"ன்னு கேட்டேன். மறுபடி கேட்டாங்கன்னா என்ன பண்றதுன்னு சொன்னாங்க. இருபத்தஞ்சு வருசம் கழிச்சும்!

"அப்போ வளர்ச்சி இருந்துச்சே"ன்னு ஒருத்தர் கண்டிப்பா வருவார். இருந்துச்சு, 70கள்ல நல்லாவே இருந்துச்சு, நான் மறைக்கல. யாருக்குன்னு கேளுங்க. புகையிலைதான் அந்த நாட்டுக்கு டாலர் கொண்டு வர்ற பயிர், அதுல காசு பாக்கற பர்லி புகையிலையை சின்ன விவசாயி போடவே கூடாதுன்னு 1990 வாக்குல வரைக்கும் தடை. பெரிய எஸ்டேட்டுக்கு மட்டும்தான் அனுமதி. நாட்டோட தொழில், வியாபாரத்துல பெரிய பங்கு பாண்டா கையில இருந்த ஒரே ஒரு கம்பெனிகிட்ட. எதிர்த்து யார் கேக்கறது? 1983-ல மூணு மந்திரியும் ஒரு எம்.பி.யும் கார் விபத்துல செத்துட்டாங்கன்னு அறிவிச்சாங்க, ஆட்சி மாறி விசாரணைக் கமிஷன் வெச்சப்போதான் போலீஸ் கொன்னதுன்னு வெளிய வந்துச்சு. மந்திரிக்கே அந்த நிலைமைன்னா ரெண்டு ஏக்கர் மக்காச்சோளம் போடறவன் "என்னை ஏன் புகையிலை போட விடல"ன்னு எங்க போய்க் கேப்பான்? நம்ம இந்தியக் கடைக்காரங்களையே 70கள்ல கிராமத்துல இருந்து கிளப்பி நாலஞ்சு டவுனுக்குள்ள ஒதுக்குனாங்க, சர்வாதிகாரி வேணும்னு கமென்ட் போடற நம்மாளுங்களுக்கு இதுவாவது உறைக்கணும்.

1993-ல ஜனங்ககிட்டயே கேட்டாங்க, பல கட்சி வேணுமா வேண்டாமான்னு. நூத்துல அறுபதுக்கு மேல வேணும்னாங்க. அடுத்த வருசம் தேர்தல், பாண்டா தோத்தார். அதே 1994-ல ஆரம்பப் பள்ளிக்கு ஃபீஸ் கிடையாதுன்னு புது அரசாங்கம் அறிவிச்சதும் ஒரே வருசத்துல பத்து லட்சம் பிள்ளைங்க புதுசா வந்து சேந்துச்சு. மரத்தடியில கிளாஸ், ஒரு வாத்தியாருக்கு நூறு பிள்ளைங்க, தரம் மோசம்தான், ஒத்துக்கறேன். நான் டீச்சர், எனக்கு அந்த வலி தெரியும். ஆனா அந்தப் பத்து லட்சம் பிள்ளைங்க அதுக்கு முன்னாடி எங்கங்க இருந்துச்சு? 1990-ல ஆயிரம் குழந்தை பொறந்தா இருநூறுக்கு மேல அஞ்சு வயசுக்குள்ள செத்துச்சு, இப்போ அது ஐம்பதுக்கும் கீழ. ஓட்டு போட்டதால மட்டும்தான் இது நடந்துச்சுன்னு நான் சொல்லல. ஓட்டு போட்டதால நாடு நாசமாப் போச்சுன்னு நீங்க சொல்றீங்க பாருங்க, அதைத்தான் தாங்க முடியல.

2002 பஞ்சத்தைச் சொல்லுவீங்க. சொல்லுங்க. தேர்ந்தெடுத்த அரசாங்கம் இருக்கும்போதே கையிருப்பு மக்காச்சோளத்தை வித்துட்டாங்க, ஜனங்க பசியில செத்தாங்க. அதுக்கு என்கிட்ட சமாதானம் கிடையாது. 2013-ல அரசாங்கப் பணத்தையே சுருட்டுன கேஷ்கேட் ஊழல், அதுக்கும் கிடையாது. ருவாண்டாவைக் காட்டுவீங்க, ஒரே ஆள் புடியில இருக்கற நாடு, தலைநகர் கிகாலியில ரோடு சுத்தமா இருக்கு, சரி. அப்போ ஈக்வடோரியல் கினியையும் காட்டுங்களேன், 1979-ல இருந்து ஒரே ஆள், எண்ணெய்க் காசு கொட்டுது, ஜனங்க நிலைமையைப் போய்ப் பாருங்க. போட்ஸ்வானாவைக் காட்டுங்க, 1966-ல இருந்து தேர்தலை விடாம நடத்திக்கிட்டே வைரத்தை வெச்சு மேல வந்த நாடு. அதெல்லாம் உங்க லிஸ்ட்ல வராது.

அந்தப் பெட்ரோல் க்யூ ஏன்னு யாராவது கேட்டீங்களா? கடல் இல்லாத நாடு, ஒவ்வொரு லிட்டரும் மொசாம்பிக் வழியாவோ தான்சானியா வழியாவோதான் வரணும். வாங்க டாலர் வேணும், டாலருக்குப் புகையிலை விக்கணும், உலகம் சிகரெட்டைக் குறைச்சுட்டு வருது. 2022 ஜனவரியில அனா புயல் வந்து கபிச்சிரா நீர்மின் நிலையத்தை உடைச்சுட்டுப் போச்சு, நாட்டுக் கரண்ட்ல ஏறக்குறைய மூணுல ஒரு பங்கு காலி. அதனாலதான் ஸ்கூல் ஜெனரேட்டருக்கு டீசல் வாங்க ஆள் அனுப்புனோம். போட்டோவுல இருக்கற மஞ்சள் கேன் எங்க ஸ்கூல் கேன். நீலத் தொப்பி போட்டவர் எங்க காம்பவுண்ட் வாட்ச்மேன்.

ஆமா, எனக்கு அவரைத் தெரியும். என்னை "அமாயி"ன்னு கூப்பிடுவார். அங்க பொம்பளைங்களை மரியாதையா அப்படித்தான் கூப்பிடுவாங்க, எங்க கொங்குப் பக்கம் அம்மாயின்னா அம்மாவைப் பெத்தவ, முதல் நாள் கேட்டப்போ எனக்குக் கண்ணு கலங்கிடுச்சு.

2019 தேர்தல்ல ரிசல்ட் ஷீட்ல ஒயிட்னர் அடிச்சு நம்பரை மாத்துனாங்க. நாடு முழுக்க மாசக்கணக்குல போராட்டம். 2020 பிப்ரவரி 3, தீர்ப்பு நாள், பயத்துல கடையெல்லாம் மூடிட்டாங்க, ஸ்கூல் லீவு. ஜட்ஜுங்க அஞ்சு பேர் ராணுவக் கவச வண்டியில கோர்ட்டுக்கு வந்தாங்க. தீர்ப்பு வாசிக்கவே பத்து மணி நேரம். எங்க கேட் பக்கத்துல வாட்ச்மேனோட சின்ன ரேடியோ, பேட்டரியை வெயில்ல காயவெச்சு காயவெச்சு போடுவார், சுத்தி பக்கத்து வீட்டு வேலைக்காரங்க, தோட்டக்காரர், கீரை விக்கற அம்மா ஒருத்தி முதுகுல குழந்தையைத் துணியில கட்டிக்கிட்டு. ஜட்ஜ் இங்கிலீஷ்ல வாசிக்க வாசிக்க இவர் அந்த ஊர் மொழியான சிச்சேவாவுல அவங்களுக்குச் சொல்லிட்டே இருந்தார். நான் உள்ள இருந்து டீ கொண்டு போனேன், யாரும் கப்பைத் தொடல. எனக்கு நம்பிக்கையே இல்ல, என்ன பெருசா நடந்துடப் போகுதுன்னுதான் நானும் நினைச்சேன். தேர்தல் செல்லாதுன்னு வந்ததும் கீரைக்காரம்மா அப்படியே மண்ணுல உக்காந்துட்டா. பதவியில இருந்த ஜனாதிபதி முத்தாரிகாவோட வெற்றியை கோர்ட் ரத்து பண்ணி, ஜூன் 23 மறுதேர்தல் நடந்து, எதிர்க்கட்சி சக்வேரா ஜெயிச்சார். ஜூன்ல அங்க நல்ல குளிர். எங்க வாட்ச்மேன் விடியக்காலை நாலு மணிக்குப் போய் நின்னுட்டு வந்து மை வெச்ச விரலைக் கேட் இடுக்குல நீட்டிக் காட்டுனார்.

"அந்த சக்வேரா மட்டும் என்னத்தைக் கிழிச்சார்?" ஒண்ணும் பெருசா கிழிக்கல. 2023 மார்ச்சுல ஃப்ரெடி புயல்ல ஆயிரம் பேருக்கு மேல போனாங்க, நவம்பர்ல அந்த நாட்டுப் பணமான குவாச்சாவோட மதிப்பை இறக்குனாங்க, ஒரு டாலர் 1180 குவாச்சாவுல இருந்து 1700க்குப் போச்சு, 44 சதவீதம் ஏத்தம். உர மூட்டையைப் பாத்து எங்க வாட்ச்மேன் மூணு தடவை விலை கேட்டுட்டு வெறுங்கையோட திரும்புனார், நான் கூடப் போயிருந்தேன். அந்தக் கோபத்தை 2025 செப்டம்பர்ல ஓட்டாக் குத்தி சக்வேராவை அனுப்பிட்டாங்க. பழைய முத்தாரிகாவே எண்பத்தஞ்சு வயசுல திரும்ப வந்துட்டார்னு சிரிக்கறீங்க. சிரிக்காதீங்க. ரிசல்ட் அறிவிக்கறதுக்கு முன்னாடியே சக்வேரா தோல்வியை ஒத்துக்கிட்டு வாழ்த்து சொன்னார், ஒருத்தரை மாத்தறதுக்கு முப்பது வருசம் காத்திருந்த அதே நாட்டுல.

அவங்ககிட்ட டீசல் இல்ல, டாலர் இல்ல, உரம் இல்ல. கையில இருக்கறது அந்த ஒரு ஓட்டு. அதையும் புடுங்கணும்னு ஏசி ரூம்ல உக்காந்து எழுதறதுக்கு, பசியோட க்யூல உக்காந்திருக்கற மனுசன் மூஞ்சியவே எடுத்துக்கறீங்களே, அவர் உங்களுக்கு என்ன பாவம் பண்ணார்?

அந்த 2025 செப்டம்பர்லயும் மை விரலை போட்டோ எடுத்து எனக்கு வாட்ஸ்அப்ல அனுப்புனார். உங்க போஸ்ட்டைப் பத்தி அவர்கிட்ட நான் சொல்லல, எப்படிச் சொல்றதுன்னு தெரியல. போட்டோவை எடுக்கச் சொல்லி நேத்து ராத்திரியே மெசஞ்சர்ல கேட்டேன். பாத்துட்டீங்க. இன்னும் எடுக்கல.