சேமநிதிப் பணத்தைப் போடுமுன் தாளைப் பாருங்கள்

"வட்டி இல்லாததால் இஸ்லாமிய பேங்க் எந்த நெருக்கடியிலும் விழாது, சேமநிதிப் பணத்தைக் கண்ணை மூடிக்கிட்டுப் போடுங்க" என்று மேலே எழுதிய அண்ணனுக்கு: பாதிதான் சரி. 2008-ல் அமெரிக்க வீட்டுக்கடன் பத்திரங்களில் அவை பெரிதாகச் சிக்கவில்லை, உண்மை. ஆனால் 2009-ல் வளைகுடாவில் நிலம், கட்டட விலை இறங்கியதும் அங்குள்ள சில இஸ்லாமிய பேங்குகளின் லாபமும் சரிந்தது. துருக்கியின் இஹ்லாஸ் ஃபினான்ஸ் என்ற இஸ்லாமிய நிதி நிறுவனம் 2001-ல் மூடியேவிட்டது. நம்ம மலேசியாவின் பேங்க் இஸ்லாமே 2006-ல் ஒரு பில்லியன் ரிங்கிட்டுக்கு மேல் நட்டம் கண்டு, பிறகுதான் நிமிர்ந்தது.

போன மாசம் சுங்கை சிப்புட்டில், முப்பது வருஷம் பால்மரம் சீவிய பெரியப்பா பிஸ்கட் டின்னிலிருந்து எடுத்துக் கொடுத்த தாளைப் படித்தேன். சேமிப்பு என்று நினைத்திருக்கிறார். தாளில் 'அக்காவுன் பெலாபுரான்', அதாவது முதலீட்டுக் கணக்கு. அதற்கு பிஐடிஎம் (பேங்க் விழுந்தால் சேமிப்பைத் திருப்பித் தரும் காப்புறுதி அமைப்பு) பாதுகாப்பு கிடையாது, நட்டம் வந்தால் அவர் தலையில்தான். வயிறு கலங்கிவிட்டது எனக்கு. சாதாரண சேமிப்புக் கணக்கென்றால், இஸ்லாமிய பேங்கோ மற்ற பேங்கோ, ஒருவருக்கு ஒரு பேங்கில் 250,000 ரிங்கிட் வரை பாதுகாப்பு உண்டு.

கடன் வாங்கினவர்களுக்கு ஒரு நல்லது இருக்கிறது: 2020 கோவிட் காலத் தவணை ஒத்திவைப்பில் இஸ்லாமியக் கடனில், வட்டிக்குப் பதிலாக பேங்க் வாங்கும் லாபத்தின் மேல் லாபம் ஏறவில்லை. அதைச் சொல்லுங்கள் அண்ணே.