விளக்கைப் போட்ட புண்ணியவானுக்கு

நான் எடிட் செய்த பாலாறு ஆவணப்படத்தின் ஞாயிற்றுக்கிழமை காட்பாடித் திரையிடலைப் பற்றி ஆளாளுக்கு எழுதிவிட்டீர்கள். நான் சும்மா இருக்கத்தான் நினைத்தேன். ஆனால் "எடிட்டிங்கெல்லாம் தம்பி கம்ப்யூட்டர்ல பாத்துக்கிட்டாரு" என்று மேடையில் ஒருவர் என்னைப் பற்றிச் சொன்ன வீடியோவை நாலு பேர் எனக்கே அனுப்பியிருக்கிறீர்கள், சிரிப்பு பொம்மை போட்டு.

பாத்துக்கிட்டாராம். கல்யாணத்தில் பந்தியைப் பாத்துக்கிற மாதிரி.

112 மணி நேர ஃபுட்டேஜ். 74 நிமிடப் படம். 14 மாதம். கதைப்படம் என்றால் எடிட்டர் கையில் திரைக்கதையாவது இருக்கும். ஆவணப்படத்தில் எங்கே தொடங்குவது என்பதே எடிட்டிங் டைம்லைனில், ஷாட்டுகளை வரிசையாக அடுக்கும்போதுதான் முடிவாகும். பாலாறு, தோல் தொழிற்சாலைக் கழிவு என்றால் அதைப் பற்றிய 1996 சுப்ரீம் கோர்ட் தீர்ப்பில் ஆரம்பிக்கத்தான் எல்லோருக்கும் தோன்றும். முதல் ரஃப் கட்டும் (தோராயமாக ஒட்டிப் பார்க்கும் வடிவம்) அப்படித்தான் இருந்தது. வாணியம்பாடிப் பக்கம் ஒரு ஆயா கிணற்றிலிருந்து வாளியைத் தூக்கி, மோந்து பார்த்து, ஒன்றும் பேசாமல் வேலியோரம் ஊற்றிவிட்டுப் போகும். கேமராவை நிறுத்த மறந்ததால் பதிவான ஷாட், கடைசியில் ஃபோகஸ்கூட இருக்காது. ரஷஸில், அதாவது வெட்டாத மொத்தப் பதிவில், குப்பையாகக் கிடந்ததை எடுத்து முதலில் வைத்தேன். இசை வேண்டாம், வாய்ஸ் ஓவர் வேண்டாம், வாளி கல்லில் இடிக்கிற சத்தம் போதும் என்று மூன்று வாரம் சண்டை. நீங்கள் கைதட்டியது அந்த ஷாட்டுக்குத்தான் சார்.

"நல்ல எடிட்டிங்னா தெரியக்கூடாது" என்கிறார் ஒரு அண்ணன். எடிட்டிங் தெரியக்கூடாது அண்ணே, எடிட்டரே தெரியக்கூடாது என்று எவன் சொன்னான்? 1929லேயே 'மேன் வித் எ மூவி கேமரா' என்ற சோவியத் ஆவணப்படத்தில், அதன் எடிட்டர் எலிசவேத்தா ஸ்விலோவா உட்கார்ந்து ஃபிலிமை வெட்டி ஒட்டுவதைப் படத்துக்குள்ளேயே காட்டிவிட்டார்கள். தேசிய விருதிலும் ஆவணப்படம் மாதிரியான கதையல்லாத படங்களின் எடிட்டிங்குக்குத் தனி விருது உண்டு.

"மக்கள் பிரச்சினையில உன் பேரு முக்கியமா?" நியாயமான கேள்வி. மேடையில் ஏழு பேர் சால்வை வாங்கினார்களே, அவர்களிடமும் கேட்டீர்களா? "சம்பளம் வாங்கினல்ல?" வாங்கினேன். பாதி. இதைச் சொல்ல வேண்டாம் என்றுதான் இருந்தேன்.

பணமும் இல்லை, விடுங்கள். குடியாத்தத்திலிருந்து அம்மா பஸ் ஏறி வந்திருந்தது. ஒரு நாள் பீடிக் கூலி போனாலும் போகட்டும் என்று. படம் ஆரம்பித்ததும் பேர் போடுவார்கள் என்று கண்ணாடியை முந்தானையில் துடைத்துப் போட்டுக்கொண்டது. "என்னுது கடைசியில வரும்மா" என்றேன். திரை கருப்பானதும் எவரோ விளக்கைப் போட்டு, ப்ரொஜெக்டரை நிறுத்தி, மைக்கைப் பிடித்துவிட்டார்.

"இன்னாடா, நிறுத்திட்டாங்க? உன் பேரு வர்லியே?"

திரும்பும் பஸ்ஸில் அது ஒன்றும் கேட்கவில்லை. கேட்டிருக்கலாம்.

இப்போது ஏதோ விழாவுக்கு 60 நிமிட வெர்ஷன் வேண்டுமாம், வெள்ளிக்கிழமைக்குள். "சின்ன வேலைதான் தம்பி." ஹார்ட் டிஸ்க் என் மேசை மேல்தான் இருக்கிறது. எந்த 14 நிமிடத்தைத் தூக்குவது என்று சால்வைக்காரர்களில் ஒருவர் வந்து உட்கார்ந்து சொல்லட்டும். டீ நான் வாங்கித் தருகிறேன்.