ஹார்ட் டிஸ்க் ஓடுதான்னு யாராச்சும் கேட்டிருக்கீங்களா?

திருச்சியில சிசிடிவி மாட்டுறதுதான் எனக்கு தொழில். 2013ல ஆரம்பிச்சேன். அப்பல்லாம் ஒரு வீட்டுல நாலு கேமரா, அது பாக்குறதைப் பதிவு பண்ணி வைக்கிற டிவிஆர் பொட்டி ஒண்ணுன்னு செட் போட்டா வீட்டுக்காரர் பக்கத்து வீட்டு ஆளுங்களை எல்லாம் கூப்பிட்டு டிவியில காட்டுவாரு, அந்தம்மா எங்களுக்கு காபி பலகாரம் எல்லாம் குடுக்கும். இப்போ பஜ்ஜிக் கடையிலயே ரெண்டு டோம் கேமரா தொங்குது. ஒண்ணு கல்லாவைப் பாக்கும், இன்னொண்ணு பஜ்ஜி போடுற பையனைப் பாக்கும். ஓனரைப் பாக்குற மாதிரி ஒரு கேமரா கூட இத்தனை வருஷத்துல நான் மாட்டினது இல்ல.

இதை ஏன் இப்ப எழுதுறேன்னா போன வாரம் ஒரு நண்பர் "உனக்கென்னப்பா, உலகம் பூரா கேமரா ஏறிட்டே போகுது, உன் காட்டுல மழைதான்"னு சொன்னாரு. மழைதான், இல்லைனு சொல்லல. என் பொண்ணு ஸ்கூல் ஃபீஸ் அதுலதான் போகுது. ஆனா மாட்டுறவன் நான் சொல்றேன், நம்ம ஆளுங்க காசு குடுத்து வாங்குறதுல முக்கால்வாசி கேமரா இல்ல, "கேமரா இருக்கு"ங்கற நெனப்பு மட்டும்தான்.

கஸ்டமர் கேக்குற முதல் கேள்வி "போன்ல தெரியுமா?" ரெண்டாவது கேள்வி "நைட்ல கலர்ல தெரியுமா?" எத்தனை நாள் ரெக்கார்டிங் நிக்கும்னு கேக்குறவங்க நூத்துக்கு ரெண்டு பேரு. பாஸ்வேர்டு என்ன போட்டீங்க, வேற யார்கிட்ட இருக்குன்னு கேட்டவங்க... யோசிச்சுப் பாத்தா பேங்க்ல இருந்து ரிட்டயர் ஆன ஒரு சார் ஞாபகம் வர்றாரு, அவ்ளோதான்.

ஒரு அப்பார்ட்மென்ட் கதை சொல்றேன், பேர் வேண்டாம். 40 வீடு, 16 கேமரா, நான் போட்டதுதான். ஒருநாள் ராத்திரி செக்ரட்டரி சார் போன் பண்றாரு, தம்பி வாட்ச்மேன் ரூம்ல அந்த பொட்டி கீ கீன்னு கத்திட்டே இருக்கு வாட்ச்மேன் தூங்க முடியலங்குறாரு என்ன பண்றதுன்னு. வாட்ச்மேன் தூங்குறதுக்கா இருக்காருன்னு கேக்கணும்னு தோணுச்சு, கேக்கல. நான் அப்போ லால்குடி பக்கம் ஒரு ரைஸ் மில்லுல ஏணி மேல நின்னுட்டு இருந்தேன். சார் மெனுவுக்குள்ள போங்க, எக்ஸப்ஷன்னு ஒண்ணு இருக்கும், அதுல பஸ்ஸர்ங்கற டிக்கை எடுத்து விடுங்க, நாளைக்கு வந்து பாக்குறேன்னு சொன்னேன். சத்தம் நின்னுடுச்சு. அந்த நாளைக்கு வரவே இல்ல. அவரும் மறந்துட்டாரு நானும் மறந்துட்டேன்.

அந்த பொட்டி சும்மா கத்தல. ஹார்ட் டிஸ்க் போயிடுச்சுன்னு கத்தியிருக்கு.

நாலு மாசம் கழிச்சு ரெண்டாவது மாடியில ஒரு வீட்டுல அஞ்சு பவுன் செயின் காணோம். வீட்டு வேலை செய்ற அக்கா மேல சந்தேகம். பிளேபேக் எடுத்துக் குடுன்னு என்னைக் கூப்பிட்டாங்க. போனா அசோசியேஷன் ஆளுங்க ஏழெட்டு பேர் நிக்கிறாங்க, அந்த அக்கா ஓரமா லிஃப்ட் பக்கத்துல நிக்குது, கையில ஒரு மஞ்சப் பை. மானிட்டர்ல 16 கட்டமும் அழகா ஓடுது, லைவ் சூப்பர். பிளேபேக் போனா, ரெக்கார்ட் ஆன தேதி காலண்டர்ல கலர்ல தெரியணும், ஒரு தேதியில கூட கலர் இல்ல. சுத்தமா காலி. 16 கேமராவும் நாலு மாசமா பாத்துட்டு மட்டும் இருந்திருக்கு, எதையும் எழுதி வைக்கல.

அப்போ அந்த அக்காதான் என்கிட்ட கேட்டுச்சு, "தம்பி, நான் வெறுங்கையோட போனது அதுல இருக்குமே, போட்டுக் காட்டுப்பா"ன்னு. மத்தவங்க எல்லாம் திருடி மாட்டுமான்னு பாக்க நின்னாங்க. அந்த அக்கா ஒண்ணுதான் கேமராவை நம்பி நின்னுச்சு. நான் என்ன சொல்லுவேன், "ரெக்கார்ட் ஆகலக்கா"ன்னு சொன்னேன். அது என் மூஞ்சியை பாத்த பார்வை இன்னும் போகல. அன்னைக்கே வேலையை விட்டு நிறுத்திட்டாங்க. மூணு வாரம் கழிச்சு, அந்த வீட்டுக்காரங்க கல்யாணத்துக்கு ஊருக்கு எடுத்துட்டுப் போன பையோட சைடு ஜிப்புல செயின் இருந்துச்சாம். செக்ரட்டரி சார்தான் சொன்னாரு, ஏதோ ஜோக் மாதிரி.

இந்த ஹார்ட் டிஸ்க் கணக்கை கொஞ்சம் சொல்லிடுறேன், யாருக்காச்சும் உதவும். 2 மெகாபிக்சல் கேமரா ஒண்ணு 24 மணி நேரமும் ஓடினா, வீடியோவைச் சுருக்கி வைக்கிற பழைய எச்.264 ஃபார்மேட்ல ஒரு நாளைக்கு கிட்டத்தட்ட 20 ஜிபி தின்னும். எச்.265ன்னா ஏறக்குறைய பாதி. எட்டு கேமராவுக்கு 1 டிபி, அதாவது ஆயிரம் ஜிபி டிஸ்க் போட்டா பழைய ஃபார்மேட்ல ஆறு நாள், புதுசுல பன்னெண்டு நாள். டிஸ்க் நிறைஞ்சதும் பழசு மேலயே புதுசு எழுதும், ஓவர்ரைட்டுன்னு சொல்வோம். தீபாவளிக்கு ஊருக்குப் போயி பதினஞ்சு நாள் கழிச்சு வந்து பாக்குறவனுக்கு, கிளம்பின புதுசுல நடந்தது ஒண்ணும் இருக்காது. கஸ்டமர் 4 டிபி டிஸ்க் விலையைக் கேட்டதும் "1 டிபி போதும்பா"ம்பாரு, அதே ஆளு கேமரா மட்டும் இன்னும் ரெண்டு சேத்துப் போடச் சொல்வாரு. கேமரா வெளிய தெரியும், டிஸ்க் தெரியாதுல்ல.

இந்த வேலையில இருக்குறவனுக்கு மத்தவங்களை விட ஒரு செய்தி ரொம்ப உறுத்துச்சு, 2020 ஜூன் மாசம் சாத்தான்குளம். அப்பா மகன் ரெண்டு பேரையும் ஸ்டேஷன்ல வச்சு அடிச்சு ரெண்டு பேரும் செத்துப்போன விஷயம் எல்லாருக்கும் தெரியும். அங்க விசாரிக்கப் போன மாஜிஸ்திரேட் ஹைகோர்ட்டுக்கு குடுத்த ரிப்போர்ட்ல ஒரு விஷயம் இருந்துச்சு. ஸ்டேஷன் சிசிடிவியில 1 டிபி டிஸ்க் இருக்கு, இடம் தாராளமா இருக்கு, ஆனா தினமும் தானா அழிஞ்சு போற மாதிரி செட்டிங்ஸ் வச்சிருக்கு. படிச்சுட்டு ரொம்ப நேரம் உக்காந்திருந்தேன். ஏன்னா அந்த செட்டிங்ஸ் சும்மா வராது. பொட்டி வாங்கினதும் டிஸ்க் நிறையுற வரைக்கும் எழுதிட்டுத்தான் இருக்கும், யாராச்சும் மெனுவுக்குள்ள போயி உக்காந்து மாத்தினாத்தான் தினமும் அழியும். அந்த ஆப்ஷன் எந்தப் பக்கத்துல இருக்குன்னு எனக்கு கண்ணை மூடிட்டு தெரியும். அதே கேஸ்ல அந்த அப்பா மகனோட கடைக்குப் பக்கத்துல இருந்த ஒரு கேமராவுல பதிவானதுதான் எஃப்ஐஆர்ல எழுதின கதையே வேறன்னு ஊருக்குக் காட்டிக் குடுத்துச்சு. சர்க்கார் கேமரா அழிச்சுடுச்சு, பக்கத்துல யாரோ திருட்டுக்குப் பயந்து போட்ட கேமரா வச்சிருந்துச்சு.

அந்த வருஷம் டிசம்பர் 2ம் தேதி சுப்ரீம் கோர்ட்டு ஒரு தீர்ப்புல எல்லா போலீஸ் ஸ்டேஷன்லயும் கேமரா போடணும், லாக்கப், காரிடார், வரவேற்பு, பின்பக்கம் எதையும் விடக்கூடாது, சவுண்டும் ரெக்கார்ட் ஆகணும், 18 மாசம் வச்சிருக்கணும், முடியலைன்னா குறைஞ்சது ஒரு வருஷமாச்சும்னு சொல்லிச்சு. நல்ல தீர்ப்பு. ஆனா நான் தொழில்காரன், உடனே மனசு கணக்குப் போடும். ஒரு கேமராவுக்கு நாளைக்கு 10 ஜிபி வச்சாக்கூட 18 மாசத்துக்கு அஞ்சரை டிபி வருது. பன்னெண்டு கேமராவுக்கு 65 டிபி. ஒரு சின்ன ஊரு ஸ்டேஷன்ல அவ்வளவு டிஸ்க் யாரு வாங்கிப் போட்டு, யாரு கரண்டும் ஏசியும் குடுத்து, பீப் சத்தம் கேட்டா யாரு போயி பாக்குறது? 2025 செப்டம்பர்ல சுப்ரீம் கோர்ட்டே ராஜஸ்தான் கஸ்டடி சாவு செய்தியைப் படிச்சுட்டு ஸ்டேஷன் கேமராவெல்லாம் என்னாச்சுன்னு தானா முன்வந்து கேக்க வேண்டியதாச்சு. ரோட்டுல நடக்குற நம்மளைப் பாக்குற கேமரா மட்டும் ஒழுங்கா ஓடுது பாருங்க.

சென்னையில போலீஸ் ஊர் பூரா கேமரா வைக்கிற திட்டம் ஒண்ணை "மூன்றாவது கண்"னு கொண்டு வந்தாங்க ஞாபகம் இருக்கா. அதுக்கு முன்னாடி 2016 ஜூன்ல நுங்கம்பாக்கம் ரயில்வே ஸ்டேஷன்ல காலங்காத்தால ஒரு பொண்ணைக் கொன்னுட்டு ஒருத்தன் நடந்து போனான், அந்த ஸ்டேஷன்ல ஒரு கேமரா கிடையாது, பக்கத்துத் தெருவுல இருந்த கேமராவுல விழுந்த உருவத்தை வச்சுத்தான் தேடினாங்க. அதுக்கப்புறம் எங்க தொழில் எப்படி ஏறிச்சுன்னு சொன்னா தப்பா நெனப்பீங்க, ஆனா அதுதான் உண்மை. 2021ல ஃபோர்ப்ஸ் ஒரு பட்டியல் போட்டுச்சு, ஒரு சதுர மைலுக்கு எத்தனை பொதுக் கேமரான்னு, டெல்லி 1,826 முதல் இடம், லண்டன் 1,138, சென்னை 609, மூணாவது. டெல்லி முதல்வரா இருந்த கெஜ்ரிவால் நியூயார்க்கையும் லண்டனையும் முந்திட்டோம்னு பெருமையா ட்வீட் போட்டாரு. அதுல எத்தனை பொட்டி பஸ்ஸரை ஆஃப் பண்ணி வச்சிருக்குன்னு ஒரு பட்டியல் வந்தா நல்லாருக்கும்.

கேமரா போட்டா திருட்டு குறையுமான்னு கேப்பாங்க. குறையும், ஆனா விளம்பரத்துல சொல்ற அளவுக்கு இல்ல. 40 வருஷ ஆராய்ச்சியை எல்லாம் மொத்தமா சேத்துப் பாத்து 2019ல ஒரு ஆய்வு வந்துச்சு, குற்றம் சராசரியா 13 சதவீதம் கொறையுது, கார் பார்க்கிங்ல நல்லா வேலை செய்யுது, அடிதடி வெட்டுக்குத்து மாதிரி விஷயத்துல பெருசா ஒரு வித்தியாசமும் இல்லன்னு. யாராச்சும் உக்காந்து நேரடியா பாத்துட்டே இருக்குற இடத்துல பலன் கூடுதலாம். எனக்கு அது ஆச்சரியமே இல்ல. வண்டி திருடுறவன் சுத்தி முத்தி பாப்பான். குடிச்சுட்டு கத்தியைத் தூக்குறவன் கேமராவைப் பாத்துட்டா தூக்குறான்?

சரி பாஸ்வேர்டுக்கு வர்றேன். 2016 அக்டோபர்ல ஒருநாள் அமெரிக்காவுல ட்விட்டர் நெட்ஃப்ளிக்ஸ் எல்லாம் படுத்துச்சு. காரணம் மிராய்னு ஒரு வைரஸ். அது பெரிய பெரிய சர்வரை எல்லாம் உடைக்கல. நெட்ல தொங்கிட்டு இருந்த கேமரா, டிவிஆர், ரவுட்டர் இதுங்களைத் தேடித் தேடிப் போயி கம்பெனி வச்சு அனுப்பின அதே பாஸ்வேர்டைப் போட்டு உள்ள நுழைஞ்சு, மொத்தத்தையும் ஒரே நேரத்துல, அந்த சைட்டுக்கெல்லாம் வழி காட்டுற ஒரு கம்பெனியை இடிக்க வச்சது. இடிச்சதுல உங்க வீட்டு கேமராவும் இருந்திருக்கலாம், யாருக்குத் தெரியும். 2025 பிப்ரவரியில குஜராத் ராஜ்கோட்ல நடந்தது இன்னும் மோசம். பிரசவ ஆஸ்பத்திரியில டாக்டர் பரிசோதிக்கிற ரூம்ல கேமரா, அந்த வீடியோ எல்லாம் வெளிய போயி டெலிகிராம்ல காசுக்கு வித்திருக்கானுங்க. பாஸ்வேர்டு அட்மின்123ன்னு செய்தியில வந்துச்சு. பாஸ்வேர்டு ஒரு பக்கம் இருக்கட்டும், அந்த ரூம்ல கேமராவை மாட்டச் சொன்னவன் யாரு, சரின்னு மாட்டினவன் யாரு? எங்க ஆளு ஒருத்தன்தான் ஏணி போட்டு ஏறியிருப்பான். நான் மூணு இடத்துல முடியாதுன்னு திரும்பி வந்திருக்கேன், ஒண்ணு ஒரு ஜவுளிக்கடையில டிரையல் ரூமுக்கு வெளிய வைக்கச் சொன்ன ஆங்கிள். ஆனா நான் வராட்டி வேறொருத்தன் வருவான்.

இன்னொண்ணு, இதை எங்க சங்கத்துல யாரும் வெளிய சொல்ல மாட்டாங்க. இன்ஸ்டால் பண்ணும்போது முதல்ல எங்க போன்லதான் ஆப்பை ஏத்தி கியூஆர் ஸ்கேன் பண்ணி செக் பண்ணுவோம். அப்புறம் சர்வீஸுக்கு ஈஸியா இருக்கும்னு அப்படியே விட்டுடுவோம். ரெண்டு வருஷத்துக்கு முன்னாடி ஒருநாள் எண்ணிப் பாத்தேன், என் போன்ல 63 இடம் இருந்துச்சு. 63 வீட்டு வாசல், ஹால், சில வீட்டுல குழந்தை தூங்குற ரூம். நான் தப்பான ஆளா இருந்திருந்தா? அமேசானோட ரிங்ங்கற வீட்டு கேமரா கம்பெனியில வேலை பாத்தவங்களே கஸ்டமர் வீட்டு வீடியோவைப் பாத்தாங்கன்னு 2023ல அமெரிக்க அரசு கேஸ் போட்டு அந்த கம்பெனி 58 லட்சம் டாலர் கட்ட ஒத்துக்கிச்சு. எண்ணிப் பாத்த அன்னைக்கு சாயங்காலமே என் போன்ல இருந்து ஒவ்வொண்ணா எடுத்து விட்டுட்டு எல்லாருக்கும் போன் பண்ணி பாஸ்வேர்டை மாத்திக்கோங்க சார்னு சொன்னேன். பாதி பேரு "ஏன் தம்பி, நீயே வச்சுக்க, எங்களுக்கு மறந்துடும்"னாங்க.

2025 ஏப்ரல்ல இருந்து மத்திய அரசு ரூல் போட்டிருக்கு, லேப்ல டெஸ்ட் பண்ணி சர்ட்டிஃபிகேட் வாங்கின கேமராதான் விக்கணும்னு. சீனா கம்பெனி கேமரா உளவு பாக்குமோங்கற பயம். பயம் நியாயம்தான். ஆனா கேமராவுக்கு சர்ட்டிஃபிகேட் குடுத்துட்டு பாஸ்வேர்டை வாட்ஸ்அப் குரூப்ல போடுற அசோசியேஷனுக்கு யாரு சர்ட்டிஃபிகேட் குடுப்பாங்க.

இப்போ இதுக்கு மேல மூஞ்சி கண்டுபிடிக்கிற சாஃப்ட்வேர் வேற. 2017ல சீனாவுல குய்யாங்ங்கற ஊர்ல பிபிசி நிருபர் ஒருத்தர் டெஸ்டுக்காக தன்னோட போட்டோவைக் குடுத்துட்டு ரோட்டுல எறங்கினாரு, ஏழே நிமிஷத்துல போலீஸ் வந்து நின்னுட்டாங்க. அது சரியா பிடிச்ச கதை. தப்பா பிடிச்ச கதை டெட்ராய்ட்ல, 2020 ஜனவரியில ராபர்ட் வில்லியம்ஸ்னு ஒருத்தரை அவரு பொண்டாட்டி புள்ளைங்க கண்ணு முன்னாடி வீட்டு வாசல்ல வச்சு விலங்கு மாட்டி கூட்டிட்டுப் போனாங்க. ஒரு கடையில வாட்ச் திருடினவன் மங்கலா கேமராவுல விழுந்திருக்கான், கம்ப்யூட்டர் இவரோட லைசென்ஸ் போட்டோவைக் காட்டிருக்கு, அங்கதான் ஆரம்பிச்சுது. கிட்டத்தட்ட 30 மணி நேரம் உள்ள. அந்த மாதிரி மங்கல் ஃபுட்டேஜ் நான் தினமும் பாக்குறேன். ராத்திரி கேமராவோட ஐஆர்ங்கற அகச்சிவப்பு வெளிச்சத்துல பத்தடி தள்ளி நிக்கிறவன் என் சொந்த மச்சானான்னு எனக்கே தெரியாது, நெத்தியும் மூக்கும் ஒரு வெள்ளைத் திட்டு. அதை வச்சு ஒரு மெஷின் இவன்தான்னு சொல்லும், அதை நம்ம ஆளுங்க அப்படியே நம்புவாங்க, கேமராவே சொல்லிடுச்சே அப்புறம் என்னன்னு.

நான் கேமரா வேண்டாம்னு சொல்லல, நாளைக்கு காலையிலயே உறையூர்ல எட்டு கேமரா வேலை இருக்கு. மாட்டும்போது ரெண்டு மட்டும் கேளுங்க, எத்தனை நாள் நிக்கும், பாஸ்வேர்டு யார் யார்கிட்ட இருக்கு. மாசத்துக்கு ஒரு தடவை லைவ் பாக்காதீங்க, பிளேபேக் போட்டுப் பாருங்க. பொட்டி கத்தினா வாயை அடைக்காம என்னன்னு கேளுங்க.

அந்த அக்காவை போன மாசம் மறுபடி பாத்தேன். தில்லைநகர்ல வேற ஒரு அப்பார்ட்மென்ட்டுக்கு சர்வீஸுக்குப் போயிருந்தேன், அங்க வேலை செய்யுது. என்னை அடையாளம் தெரிஞ்சுடுச்சு. கேட்டுக்கு மேல இருந்த புல்லட் கேமராவை அண்ணாந்து பாத்துட்டு "இதாச்சும் ஓடுதா தம்பி?"ன்னு கேட்டுச்சு. வாங்கன்னு வாட்ச்மேன் ரூமுக்கு கூட்டிட்டுப் போயி அன்னைக்கு காலையில அது கேட்டுக்குள்ள வந்ததைப் போட்டுக் காட்டினேன். மஞ்சப் பை, குடை, செருப்பைக் கழட்டி ஓரமா விடுறது எல்லாம் இருந்துச்சு. ரெண்டு தடவை போடச் சொல்லிப் பாத்துச்சு. டைம் மட்டும் இருபது நிமிஷம் கூட்டிக் காட்டிட்டு இருந்துச்சு, லேட்டா வர்றதா சொல்லிட்டா என்ன பண்றதுன்னு அக்கா பயந்துச்சு, அதை சரி பண்ணிக் குடுத்துட்டு வந்தேன்.