ஜெப் ஆட்டில் வானவில் கம்பளி கிடைக்காது
காட்பாடி தம்பி, மைன்கிராஃப்ட் கணினி விளையாட்டில் ஆட்டுக்கு ‘ஜெப்’ என்று பெயர் வைத்தால் வானவில் கம்பளி வெட்டலாம் என்று எழுதியிருக்கிறீர்கள், அது தப்பு. நிறம் மாறி மாறித் தெரிவது கண்ணுக்கு மட்டும்தான். கத்தரித்தால் அந்த ஆட்டின் பழைய நிறத்தில்தான் கம்பளி விழும், வெள்ளை ஆடு என்றால் வெள்ளைதான். அப்புறம், பெயரை ஆங்கிலச் சின்ன எழுத்தில் எழுதிக் கடைசியில் அடிக்கோடு (_) போட வேண்டும், அதாவது ‘jeb_’ என்று, அதை நீங்கள் சொல்லவே இல்லை. இங்கே சத்துவாச்சாரியில் என் அக்கா மகன் அடிக்கோடு விட்டுப்போய், நாள் கணக்கில் தேடி எடுத்த நேம் டேக்கை (விலங்குக்குப் பெயர் வைக்கும் சீட்டு) வீணாக்கிவிட்டு அழுதான், பாவம். கலர் கம்பளிதான் வேண்டுமென்றால் ஆட்டுக்கே சாயம் பூசுங்கள், ஒவ்வொரு முறை வெட்டினாலும் அதே நிறம்தான் திரும்ப வளரும்.