போய்ச் சொல்லிவிட்டு வா

‘எள் என்பதற்குள் எண்ணெயாக நிற்பான்’ என்று யாரையாவது புகழ்ந்தால் எனக்கு ஒரு சின்னச் சந்தேகம் வரும். கேட்டவருக்கு எள்ளே போதும் என்றால் இப்போது அந்த எண்ணெயை என்ன செய்வது?

நான் வீட்டில் கடைக்குட்டி. அதனால் ஏவல் என்பது எனக்கு எழுத்துக்கூட்டிப் படிப்பதற்கு முன்பே தெரிந்த விஷயம். போய்ச் சொல்லிவிட்டு வா, போய்க் கேட்டுவிட்டு வா, அப்புறம் மூன்றாவதாக ஒன்று உண்டு: அவர் வீட்டில் இருக்கிறாரா என்று மட்டும் பார்த்துவிட்டு வா. இந்த மூன்றாவதுதான் கொடுமை. போய் வாசலில் நின்றால் ‘என்னடா வேணும்?’ என்று கேட்பார்கள். அதற்கு என்ன பதில் என்று அனுப்பியவர்கள் ஒருநாளும் சொல்லித் தந்ததில்லை. பதிலை நானாக உண்டாக்க வேண்டும். தண்ணீர் வேணும் என்பேன், மணி என்ன என்பேன், ஒருமுறை ஒன்றுமே தோன்றாமல் ‘சும்மா’ என்று சொல்லிவிட்டுத் திரும்பி ஓடியிருக்கிறேன்.

தூது போகிறவர்கள் வரும் புத்தகங்களில் நான் தேடுவதும் அந்த வாசற்படியைத்தான். அனுப்பியவர் யோசிக்காத ஒரு கேள்வி, போனவர் தானாகச் சொல்ல வேண்டிய ஒரு பதில். அது இல்லாத தூதுக்கதை வெறும் தபால்.

அனுமனையே எடுத்துக்கொள்வோம். ‘கண்டனென் கற்பினுக்கு அணியைக் கண்களால்’ என்ற வரியை மேடைக்கு மேடை கேட்டிருப்போம். ‘சீதையை’ என்று தொடங்கினால் அடுத்த சொல் வருவதற்குள் ராமன் பதறிவிடுவான், அதனால் ‘கண்டேன்’ என்பதை முதலில் வைத்தான் என்று விளக்குவார்கள். சரிதான். ஆனால் அதற்குச் சற்று முன்னால் கம்பன் செய்திருக்கிற வேலை எனக்கு அதைவிடப் பிடிக்கும். வந்து சேர்ந்த அனுமன் ராமன் காலில் விழவில்லை, ‘மொய்கழல் தொழுகிலன்’ என்கிறான் கம்பன். சீதை இருக்கும் திசையை நோக்கித் தரையில் நெடுக விழுந்து வணங்குகிறான். ராமன் அதைப் பார்க்கிறான், புரிந்துகொள்கிறான்: அவள் நலமாக இருக்கிறாள், இவன் அவளைக் கண்டுவிட்டான், அவள் கற்பும் நன்று. ஆக அந்தப் புகழ்பெற்ற ‘கண்டனென்’ வாயிலிருந்து வருவதற்கு முன்பே செய்தி சேர்ந்துவிட்டது. எந்தப் பக்கம் திரும்பி விழுந்தான் என்பதிலேயே சேர்ந்துவிட்டது. எஜமானைப் பார்த்ததும் எஜமானுக்கு வணக்கம் வைக்காமல் வேறு பக்கம் திரும்பச் சொல்லி அவனுக்கு யாரும் கற்றுத் தரவில்லை. இலங்கைக்குத் தீ வைக்கச் சொல்லியும் யாரும் அனுப்பவில்லை, அது வேறு கதை.

இதற்கு நேர் எதிர்முனையில் இருப்பவர் சாஞ்சோ பான்சா. ஸ்பானிய எழுத்தாளர் செர்வாண்டிஸின் ‘டான் குயிக்சாட்’ நாவலின் முதல் பாகம் 1605இல் வந்தது. அதில் தன்னைப் பழங்கதை வீரனாகக் கற்பனை செய்துகொண்டு அலையும் டான் குயிக்சாட் மலைக்காட்டில் உட்கார்ந்துகொண்டு தன் காதலி துல்சினியாவுக்கு ஒரு நோட்டுப் புத்தகத்தில் கடிதம் எழுதி, கொண்டுபோய்க் கொடு என்று தன் வேலைக்காரர் சாஞ்சோவை அனுப்புகிறார். சாஞ்சோ கிளம்பிவிடுகிறார், நோட்டுப் புத்தகம் எஜமானிடமே தங்கிவிடுகிறது! பாதி வழியில்தான் சட்டைக்குள் கைவிட்டுத் தேடித்தேடிப் பார்க்கிறார், தாடியைப் பிய்த்துக்கொள்கிறார், கடிதத்தை மனப்பாடமாகச் சொல்லிப் பார்க்கிறார், அதுவும் கோணல்மாணலாக வருகிறது. கடைசியில் அவளைப் பார்க்கவே போகாமல் திரும்பி வந்து, பார்த்தேன், கோதுமை புடைத்துக்கொண்டிருந்தாள் என்று அளக்கிறார்.

சிரித்துவிட்டுப் போயிருப்பேன். ஆனால் 1615இல் வந்த இரண்டாம் பாகத்தில் அந்தப் பொய்யே அவர் கழுத்தைப் பிடிக்கிறது. நீதான் அவளைப் பார்த்திருக்கிறாயே, நான் வந்து பார்க்கலாமா என்று போய்க் கேட்டுவிட்டு வா என்கிறார் எஜமான். சாஞ்சோ ஒரு மரத்தடியில் உட்கார்ந்து, எங்கே போகிறாய் சாஞ்சோ, யாரைத் தேடுகிறாய் சாஞ்சோ என்று தன்னோடு தானே பேசுகிறார் பாருங்கள், ஏவப்பட்ட ஓர் ஆளின் மனசு இவ்வளவு கிட்டத்தில் தெரிந்து நான் அதிகம் படித்ததில்லை. ஏனென்றால் அந்த வேலையை முடிக்கவே முடியாது. எஜமான் நினைக்கிற மாதிரி ஒருத்தி உலகத்திலேயே இல்லை. உண்மையைச் சொன்னால் எஜமான் உடைந்துபோவார், சொல்லாவிட்டால் இவர் மாட்டிக்கொள்வார். எதிரே கழுதை மேல் வருகிற மூன்று கிராமத்துப் பெண்களைக் காட்டி, இதோ துல்சினியா என்கிறார். டான் குயிக்சாட்டுக்கு அங்கே மூன்று கிராமத்துப் பெண்கள்தான் தெரிகிறார்கள். அதுவரை எஜமான் கற்பனை செய்ய வேலைக்காரர் திருத்திக்கொண்டிருந்தார், இங்கே அது அப்படியே தலைகீழாகிறது. ‘வெட்டிட்டு வான்னா கட்டிட்டு வருவான்’ என்று திட்டுவோமே, அந்தத் திட்டுக்கு உள்ளே இருக்கிற மனிதன் இவன்.

திருக்குறள் மேல் எனக்கு ஒரு சின்ன மனத்தாங்கல் உண்டு. 69ஆம் அதிகாரம் தூது. பத்துக் குறளிலும் போகிறவனுக்கு என்னென்ன இருக்க வேண்டும் என்ற பட்டியல்தான். அன்பு, அறிவு, ஆராய்ந்த சொல்வன்மை, தூய்மை, துணிவு, பார்த்ததும் மதிக்கத் தோன்றும் உருவம் உட்பட. முடிவில் ‘இறுதி பயப்பினும் எஞ்சாது’ என்று உயிரே போனாலும் சரி என்று முடித்துவிடுகிறார். அனுப்புகிறவனுக்கு ஒரு குறள்கூட இல்லையா என்று கேட்டால், இருக்கிறதே, ‘இதனை இதனால் இவன்முடிக்கும்’ என்று 517இல் சொல்லியிருக்கிறாரே என்று நண்பர்கள் வருவீர்கள். ஒத்துக்கொள்கிறேன். ஆனால் அதுவும் தகுந்த ஆளைத் தேர்ந்தெடுக்கச் சொல்கிறதே தவிர, அந்த ஆளிடம் எவ்வளவு சொல்லி அனுப்ப வேண்டும் என்று சொல்லவில்லை.

அந்த ‘எவ்வளவு’தான் பல கதைகளில் உயிரைப் பறிக்கிற விஷயம். ஹோமரின் கிரேக்கக் காவியமான இலியத்தில் பெல்லெரோபோன் தன்னைக் கொல்லச் சொல்லும் ஓலையைத் தானே சுமந்துகொண்டு போகிறான், அவன் தப்பிப் பிழைத்தது அவன் வீரம். ஷேக்ஸ்பியரின் ‘ஹாம்லெட்’ நாடகத்தில் ரோசன்கிராண்ட்ஸும் கில்டன்ஸ்டெர்னும் ஹாம்லெட்டைக் கொல்லச் சொல்லும் கடிதத்தைக் கொண்டுபோகிறார்கள், நடுக்கடலில் அவன் அதை மாற்றி வைத்தது தெரியாமல் சாகப் போகிறார்கள். காஃப்காவின் ஒரு பக்கக் கதையில் சக்கரவர்த்தி சாகும்போது காதோடு காதாகச் சொல்லி அனுப்பிய செய்தியைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறவன் அரண்மனையை விட்டே வெளியே வர முடிவதில்லை.

‘பொன்னியின் செல்வன்’ படித்தவர்கள் அரியணைப் போட்டி என்பார்கள். எனக்கு அது இரண்டு ஓலையோடு கிளம்பிய வந்தியத்தேவன் என்ற வாயாடிப் பையனின் கதை. ஒன்று சுந்தர சோழருக்கு, ஒன்று குந்தவைக்கு. கொண்டுபோய்க் கொடுத்ததோடு முடிந்ததா? கையில் இன்னொரு ஓலையைத் திணித்து இலங்கைக்கு அனுப்பிவிடுகிறாள் குந்தவை. ஒழுங்காக வேலை செய்கிறவனுக்குக் கிடைக்கும் சம்பளம் அடுத்த வேலை, அலுவலகம் போகிற யாருக்கும் இதை விளக்க வேண்டியதில்லை.

ஆனால் இந்த வகையில் எனக்கு எல்லாரையும் விட நெருக்கமானவன் சிலப்பதிகாரத்துக் கௌசிகன். மாதவியின் ஓலையைச் சுமந்துகொண்டு கோவலனைத் தேடி அலைகிறான். மதுரைப் பாதையில் கோவலன் எதிரிலேயே நிற்கிறான், துயரத்தில் உருவம் மாறிப்போனதால் அவன்தானா என்று தெரியவில்லை. நேராகக் கேட்கவும் முடியவில்லை. பக்கத்தில் வாடிக் கிடக்கும் மாதவிக் கொடியைப் பார்த்து, கோவலனைப் பிரிந்த மாதவியைப் போல நீயும் வெயிலில் வருந்துகிறாயா என்று கேட்கிறான். காதில் விழுந்ததும் கோவலன் திரும்பிவிடுகிறான். என் பழைய வாசற்படிக்கு இப்படி ஒரு பதில் இருந்திருக்கிறது பாருங்கள், எனக்குத்தான் ‘சும்மா’வைத் தாண்டி ஒன்றும் வரவில்லை.

அப்புறம் நடப்பதுதான் விசேஷம். ஓலையின் மண் முத்திரையில் மாதவி தன் கூந்தலால் பொறி வைத்திருக்கிறாள். அதிலிருந்து வரும் எண்ணெய் வாசம் கூடியிருந்த நாட்களை நினைவுபடுத்த, கோவலன் அதைக் கைவிட மனமில்லாமல் வைத்துக்கொண்டே இருந்துவிட்டுத்தான் பிரிக்கிறான். உங்கள் அடியில் விழுகிறேன், என் பிழை என்னவென்று அறியேன், பொறுத்தருள வேண்டும் என்கிற மாதிரியான கடிதம். படித்து முடித்ததும் அவனுக்குத் தோன்றுகிறது, இந்தச் சொற்கள் என் அப்பா அம்மாவுக்கு நான் எழுத வேண்டியவையாகவும் இருக்கின்றனவே. பதில் எழுதவில்லை. அதே ஓலையைக் கௌசிகன் கையில் திருப்பிக் கொடுத்து, இதைக் கொண்டுபோய் அவர்களிடம் காட்டு என்கிறான்.

மகனைக் காணாமல் தவிக்கிற பெற்றோருக்கு, அவனுடைய காதலியின் கூந்தல் வாசம் வீசுகிற கடிதம். வாசம் வந்தால் என்ன சொல்வது என்று கோவலன் சொல்லித் தரவில்லை. கௌசிகனும் கேட்டுக்கொள்ளவில்லை, வாங்கிக்கொண்டு வந்த வழியே திரும்புகிறான்.