பாலில் கலந்த காப்பி நிறம்

பிரேசிலின் அடிமை முறை பற்றி நான் படித்த ஒரு கட்டுரை, 1888 மே 13-இல் அது ஒழிந்தது என்பதோடு நின்றுவிட்டது. அதற்கு அப்புறம்தானே கதையே? விடுதலையானவர்களுக்கு நிலமும் இல்லை, இழப்பீடும் இல்லை. அதனால்தான் கறுப்பின இயக்கத்தார் அந்த நாளை ஒதுக்கிவிட்டு, தப்பியோடிய அடிமைகள் அமைத்த பல்மாரெஸ் குடியிருப்பின் தலைவர் சும்பி கொல்லப்பட்ட நவம்பர் 20-ஐப் பிடித்துக்கொண்டார்கள். அது நாடு முழுக்க விடுமுறையானது 2024-இல்தான்!

இன்னொன்று. 1976-இல் அரசு கணக்கெடுப்பாளர்கள் 'உங்கள் நிறம் என்ன?' என்று கேட்டு, அவரவர் சொன்னபடியே எழுதிக்கொண்டார்கள். இலவங்கப்பட்டை, கோதுமை, பாலில் கலந்த காப்பி என நூற்றுக்கும் மேற்பட்ட பதில்கள். 'கறுப்பு' என்று சொல்ல அவ்வளவு தயக்கம். 2022 கணக்கெடுப்பிலோ கறுப்பர், கலப்பினத்தவர் என்று சொன்னவர்கள் சேர்ந்து பாதிக்கு மேல். பல்கலைக்கழகங்களில் கறுப்பர், கலப்பினத்தவருக்கும் இடம் ஒதுக்கிய 2012 சட்டத்துக்கும் இதில் பங்கு உண்டு என்றே நினைக்கிறேன். இப்போது பல பல்கலைக்கழகங்களில் அந்த ஒதுக்கீட்டுக்கு ஒரு மாணவர் தகுதியானவரா என்று குழு உட்கார்ந்து அவர் முகத்தைப் பார்த்து முடிவு செய்கிறது.